மாவாளிக்குள் இருந்த சிரட்டை

“களவு களவுதான் விமலா, நீ என்ன—”

“எறியப்போற சாமானப்பா, அதை—”

“அப்ப கிழவற்றை மகள் கேக்கேக்கை ஏன் காணேல்லை எண்டனீ?”

விமலராணி மேசையைத் துடைக்கத் தொடங்கினாள். கணவர் பேனாட் எழுந்து போய்விட்டார்.

நம்பாதவர்கள் நம்பாமல் இருக்கட்டும். இது குளிர்நாட்டு ஊரான கிரின்ஸ்டெட்டில், போன மாசியில், பட்டப்பகலில் நடந்தது.

முதியோர் இல்லத்தில் அவள் பராமரித்த நில்சன் கிழவர் ஒரு பழைய கப்பற்காரர். பசிபிக் நடுவில் இருக்கும் பனாபா என்ற தீவைப் பற்றியே கதைப்பார். குட்டித் தீவு. ஆறில்லை, குளமில்லை. நிலத்தடிக் குகைகளில் கசியும் தண்ணீரைப் பெண்கள் மட்டும் இறங்கிச் சிரட்டையில் அள்ளுவார்களாம். உரம் செய்யும் பொஸ்பேற்றுக்காக வெள்ளைக்காரர் தீவையே தோண்டி ஏற்றினார்கள். சனங்களைப் பீஜிப் பக்கம் கொண்டுபோய் இறக்கினார்கள்.

கிழவர் இறந்தார். அறையை அவள் வெறுமையாக்கும்போது யன்னலில் ஒரு சிரட்டை. வழவழவென்று இருந்தது. யாழ்ப்பாணத்துக் கை அல்லவா? மா அள்ள உதவும் என்று கைப்பைக்குள் போட்டு வந்து, வீட்டில் மா வைக்கும் வாளிக்குள் வைத்தாள்.

திங்கள், காலை 10.20. மேசையில் சற்று முன் வைத்த தண்ணீர்க் கிளாஸ் வெறுமை. பேனாட் குடித்திருப்பார் என்று நினைத்தாள். பேனாட் வேலைக்குப் போய் மூன்று மணித்தியாலம்.

செவ்வாய். பூச்சாடி வறண்டு கிடந்தது.

புதன், பின்னேரம் 3.40. மாதா சுரூபத்தடியில் லூர்துத் தண்ணீர்ப் போத்தல். மூடி இறுக்கியபடி. உள்ளே... ஒரு துளி இல்லை.

குசினிக்குள் சத்தம்.

மடக்... மடக்...

விழுங்கும் சத்தம்.

மாவாளிக்குள் இருந்து.

திறந்தாள். மாவில் ஐந்து விரல் பதிந்திருந்தது. மெலிந்த விரல்கள்...

3.52க்குக் கிழவரின் மகளுக்கு அழைத்தாள்.

“மன்னிக்கவேணும். நான்தான் எடுத்தனான். பொய் சொல்லிப்போட்டன்.” முகம் தீயாய் எரிந்தது.

மகள் கோபப்படவில்லை.

“அதை வெறுமையாவோ வைச்சிருக்கிறீங்கள்? அப்பா அதை அந்தக் குகைக்குள்ளை இறங்கி எடுத்தவர். ஐம்பது வருசமாய் ஒவ்வொரு நாளும் தண்ணி நிரப்பி வைச்சவர். கை நடுங்கத் தொடங்கினாப் பிறகு, நிரப்பச் சொல்லி யன்னலிலை எழுதி ஒட்டினனான்.”

அந்தக் கடதாசித் துண்டைக் கிழவர் உயிரோடு இருந்தபோதே விமலராணி வாசித்திருந்தாள். கிழட்டுப் பைத்தியம் என்று சிரித்து, நிரப்பாமலும் விட்டிருந்தாள்.

“அப்பாவின்ரை உடம்பிலை தண்ணியே இருக்கேல்லை எண்டு டொக்டர் சொன்னவர்.” மகளின் குரல் தாழ்ந்தது. “கடைசி நாள்... ஆர் வேலையிலை நிண்டது?”