பந்தியில் எடுத்த படம்

ஜமால் பாய் இறந்த செய்தியைச் செல்விதான் தொலைபேசியில் சொன்னாள். "டீச்சர், நம்ம வீடியோ பாய் போயிட்டாரு." புதுவாயல் பக்கம் கல்யாணம் செய்துகொண்ட பலர் வீட்டில் அவர் எடுத்த கேசட் இருக்கும். எனக்கு அவரை வேறொரு படத்தின் வழியாகத் தெரியும்.

ஐந்தாறு ஆண்டுகளுக்கு முன், எங்கள் பள்ளியில் பிளஸ் டூ முடிக்கும் பிள்ளைகள் அடுத்து என்ன செய்யப்போகிறார்கள் என்று ஓர் ஆவணப்படம் எடுக்க நினைத்தேன். கேமராவோடு கிடைத்தவர் ஜமால் பாய்தான்; கல்யாண வீடியோக்காரர் இதற்குச் சரிப்படுவாரா என்று எனக்குச் சந்தேகம். பல்கலைக்கழகத்தில் கற்ற முறைப்படி கேள்விகள் தயாரித்திருந்தேன். அந்தப் பிள்ளைகளில் ஒருத்தி செல்வி; அவள் அப்பா கும்மிடிப்பூண்டியில் ஒப்பந்தத் தொழிலாளி. பரீட்சை முடிந்ததும் மகளைப் பேக்கிங் வேலைக்கு அனுப்ப முடிவு செய்திருந்தார். அவளிடம் கேட்டபோது, "ஊட்ல சொல்றபடி, டீச்சர்" என்று நிறுத்திக்கொண்டாள். எல்லாரும் அதையே சொன்னார்கள்.

பாய் கேமராவை இறக்கினார். "கேள்வி கேட்டா பசங்க ரேஷன் கார்டு போட்டோவுக்கு நிக்கிற மாதிரி நிக்குதுங்க டீச்சர். பந்தியில உக்கார வையுங்க. வாயில சோறு இருந்தா பொய் வராது."

பிரிவு உபசார விழாவில் பிரியாணி போட்டோம். கல்யாண வீட்டில் செய்வதுபோலவே பாய் இலை இலையாக நகர்ந்தார். செல்வி பக்கத்துப் பெண்ணிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: "நான் காலேஜ் போவத்தான்டீ போறேன். அப்பா கையெழுத்து போடலன்னா இன்னா? ரெண்டு வருசமா ரேங்க் கார்டுல நான்தானே போட்டுக்கினு இருக்கேன்!"

பெற்றோருக்கும் காட்டப்போகும் படம். அந்த இடத்தை வெட்டிவிடலாம் என்றேன். பாய் செல்வியையே அழைத்துப் போட்டுக் காட்டினார். "வெட்டட்டா, வெக்கட்டா?"

அவள் நகத்தைக் கடித்தாள். "இருக்கட்டும் பாய். நேர்ல சொல்ல எனக்கு வாய் வராது."

வகுப்பறையில் டிவி வைத்துக் காட்டினோம். அந்த இடம் வந்ததும் கூட்டம் சிரித்தது. அவள் அப்பா எழுந்தார்.

"அடிப்பாவி! அதான் என் கண்ணுல ஒரு கார்டும் படலியா?" என்றார். மறுபடி சிரிப்பு. செல்வி தலை நிமிரவில்லை. அவர் சற்று நேரம் டிவியில் தெரிந்த மகளையே பார்த்தார். "காலேஜ் ஃபாரம் வந்தா எங்கிட்ட குடு. இதுலயாவது நான் போடறேன்."

போட்டார். ஜூனில் அவள் பொன்னேரி காலேஜுக்குப் பஸ் ஏறினாள்.

அன்று பாய் டிவிக்கு முதுகைக் காட்டி நின்று, பார்த்தவர்களைப் படமெடுத்திருந்தார். அந்தக் கேசட் என்னிடம் இருக்கிறது. செல்வியின் அப்பா பேசும் இடத்தில் படம் குலுங்குகிறது. பாய் சிரித்துவிட்டார்.