எட்டு வீட்டு உப்பு

காளவாசலுக்குப் பின்பக்கம் ஒரு மாடிக் கட்டடத்தில் நைட்டி தைக்கும் கம்பெனி இருந்தது. என் தங்கச்சி அங்கே வேலை பார்த்தாள். அலங்காநல்லூர்ப் பக்கத்திலிருந்து தினமும் பஸ்ஸில் வந்துபோவாள். பெண்கள் துணியைத் திருடிக்கொண்டு போய்விடுவார்கள் என்று கம்பெனிக்காரனுக்குச் சந்தேகம். வேலை நேரத்தில் மாடிப்படிக் கதவைப் பூட்டிச் சாவியைத் தன்னிடமே வைத்துக்கொள்வான். ஒரு மத்தியானம் இஸ்திரி போடும் இடத்தில் தீப்பிடித்தபோதும் கதவு பூட்டித்தான் இருந்தது. எட்டுப் பெண்கள் வெளியே வரவில்லை.

பிணவறை வாசலில் ஒரு சிமெண்ட் மேடை. அதுவரை ஒருவரையொருவர் பார்த்தே இராத எட்டு வீட்டு ஆட்களும் அதில் நெருக்கியடித்து உட்கார்ந்து அழுதோம். மறுநாள் காலையில் எழுந்தபோது மேடை முழுக்க உப்புப் பூத்திருந்தது. பழைய கிணற்றுச் சுவரில் பூக்குமே, அதுபோல. ஆனால் லேசாக நீலம் ஓடியிருந்தது. தொட்டால் சுட்டது. நெசவுக்காரத் தெருவிலிருந்து வந்திருந்த சௌராஷ்டிர அம்மா, ஒரே மகளைப் பறிகொடுத்தவர், அந்த உப்பை வழித்து முந்தானையில் முடிந்துகொண்டார்.

“இத விட்டுட்டுப் போகக் கூடாதும்மா. இது நம்ம பிள்ளைகளோடது.”

அதன்பிறகு மாதாமாதம் எரிந்த கட்டடத்தின் வாசலில் கூடினோம். சேர்ந்து அழுதால் உப்புப் பூத்தது. வீட்டில் தனியாக அழுது பார்த்தேன். தரைதான் நனைந்தது.

அந்த உப்பு என்ன செய்யும் என்பது கம்பெனி மேனேஜரால் தெரிந்தது. அவன் ஒரு நாள் நாங்கள் கூடியிருந்த இடத்துக்கே வந்து, “கதவு தொறந்துதான் இருந்துச்சுன்னு ஒரு வார்த்த சொல்லிருங்கக்கா, எல்லாத்துக்கும் நல்லது” என்றான். எங்களில் ஒரு தாய் கையிலிருந்த உப்பை அவன் முகத்தில் வீசினார். கொஞ்சம் வாய்க்குள் போயிருக்க வேண்டும். நடுரோட்டில் உட்கார்ந்துவிட்டான். மாரில் அடித்துக்கொண்டு, “சாயங்காலம் மல்லியப்பூ வாங்கியாரேன்னு சொல்லிட்டுப் போனியேடி” என்று கதறினான்.

வீசிய தாய்க்கு முகம் வெளுத்துப்போனது. “எம்மக எங்கிட்டச் சொன்னதுல்ல அது? இவனுக்கு எப்பிடித் தெரியும்?”

அன்றிலிருந்து ஒரு கல் உப்பைக்கூட நாங்கள் வீணாக்கவில்லை.

கம்பெனிக்காரன் சீக்கிரமே ஜாமீனில் வெளியே வந்தான். சாவி அந்தப் பெண்களிடம்தான் இருந்தது, அவர்களே உள்ளே பூட்டிக்கொண்டார்கள் என்று கோர்ட்டில் சொன்னான். கேட்டுக்கொண்டு பின்னால் நின்றிருந்தேன். அவனைக் கொன்றுபோடலாம் என்றுதான் முதலில் தோன்றியது. ஆனால் செத்தால் அவனுக்கு முடிந்துவிடும். அவனுக்கு முடியக் கூடாது.

ஆரப்பாளையத்தில் ஒரு மெஸ்ஸில் நான் சமைக்கிறேன். அவன் புதிதாகத் திறந்த ஜவுளிக்கடையின் விருந்துக்கு எங்கள் மெஸ்ஸுக்கே ஆர்டர் வந்தது. மெஸ் நடத்துகிற அண்ணன் தயங்கித் தயங்கிச் சொன்னார்.

“அது யாரு விசேஷம்னு தெரியும்ல தாயி? அன்னைக்கு நீ வர வேணாம்.”

“தெரியும்ணே. நான் வாரேன். நாந்தான் பரிமாறுவேன்.”

அவர் கறிவேப்பிலை உருவப் போய்விட்டார்.

நம்ம உப்பை அவன் இலையில் வைக்கட்டுமா என்று மற்ற ஏழு வீட்டையும் கேட்டேன். யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. சௌராஷ்டிர அம்மா மட்டும் கேட்டார், “எம்புட்டு வைப்ப?”

“ஒரு சிட்டிகை போதும்மா.”

“அள்ளி வையி.”

அவன் பட்டுச் சட்டையில் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தான். துக்கம் கேட்க எங்கள் வீட்டுக்கு மாலையோடு வந்தவன்தான். என்னை அவனுக்கு அடையாளம் தெரியவில்லை. இலை ஓரத்தில் உப்பை அள்ளி வைத்தேன். அவனுக்கென்று உப்பில்லாமல் எடுத்துவைத்திருந்த பருப்பை ஊற்றினேன்.

“என்னம்மா, பருப்புல உப்பே இல்ல?”

“எலையில வச்சிருக்கேன் சார். போட்டுக்கங்க.”

போட்டுப் பிசைந்தான். இரண்டாவது வாயில் கை நின்றது. பிறகு அவன் போட்ட சத்தம் இருக்கிறதே, பந்தியே எழுந்துவிட்டது. எட்டு வீட்டு ஒப்பாரியும் அந்த ஒரு வாயிலிருந்து வந்தது. இடையிடையே சௌராஷ்டிர பாஷையில் அழுதான். ஒரு வார்த்தைகூட அவனுக்குத் தெரியாத பாஷை. இலை மேலேயே விழுந்து புரண்டான்.

“நாந்தானே பூட்டச் சொன்னேன்! சாவி எம் பையிலதானே இருந்துச்சு! எம்பிள்ளைகள நானே கொன்னுபுட்டேனே!”

எல்லார் கையிலும் செல்போன் ஏறியது. அவன் மனைவி தண்ணீர் தெளித்தாள். நான் சாம்பார் வாளியோடு நின்று கடைசிவரை பார்த்தேன். எத்தனையோ மாதங்களாகத் தொண்டையில் இறங்காத சோறு அன்று எனக்கு இறங்கியது. மெஸ்ஸுக்குத் திரும்பியதும் இரண்டு தட்டுச் சாப்பிட்டேன்.

பிறகு கோர்ட்டிலும் அதையே சொன்னான். மூளை குழம்பிவிட்டது என்கிறார் அவன் வக்கீல். வழக்கு நடக்கிறது. ஜவுளிக்கடையை மூடிவிட்டார்கள்.

போன மாதம் நாங்கள் கூடியிருந்தபோது அவனே வந்தான். காலில் செருப்பில்லை. மழிக்காத தாடி.

“நானும் ஒரு ஓரமா ஒக்காந்துக்கிறேம்மா. தனியா அழுக முடியல. நெஞ்சு வெடிக்குது.”

சௌராஷ்டிர அம்மா எழுந்தார். “எங்க பிள்ளைகளுக்கு அழுக நாங்க இருக்கோம். நீ வீட்டுக்குப் போயித் தனியாவே அழு.”

அவன் போகவில்லை. ரோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு விளம்பரப் பலகைக்குக் கீழே போய் நின்று எங்களையே பார்த்துக்கொண்டிருந்தான். வெயில் ஏறியது. அந்தக் கோலத்தில் பார்த்தால் எனக்குக் கொஞ்சமாவது இரக்கம் வரும் என்று நினைத்திருந்தேன். வரவில்லை. யாராவது கூப்பிடுவார்கள் என்று அவன் நின்றுகொண்டே இருந்தான். நாங்கள் கூப்பிடவில்லை.