அவரைப் பந்தலுக்கு இழுத்த கம்பி

பவுனின் கைகள் பழைய சேலையைக் கிழித்துக்கொண்டிருந்தன. விரல் அகலம், முழ நீளம், அதற்குக் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. சணலால் கட்டினால் அவரைத் தண்டை அறுத்துவிடும் என்பது அவள் கட்சி. துணியை ஒரு சுற்றுச் சுற்றி, தண்டுக்கும் கம்பிக்கும் நடுவே விரல் நுழைய இடம் விட்டு முடிச்சுப் போடுவாள். கல்யாணத்துக்கு முன் பாளையங்கோட்டையில் ஒரு மிஷன் ஆஸ்பத்திரியில் நான்கு வருஷம் ஆயா வேலை பார்த்தவள். கட்டு இறுகினால் என்ன ஆகும் என்று அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

பூனாவுக்குப் பக்கத்தில் தேஹு ரோட்டில் அவள் புருஷன் மாடசாமிக்கு ராணுவ டிப்போவில் வேலை. வீடு இரண்டு அறை. பின்னால் பத்தடி மண், அதைத் தாண்டித் தகரக் குளியலறை. அந்தப் பத்தடியில்தான் ஆடியில் விதை ஊன்றினாள். கொடி ஏற, பழைய சாமான் விற்கும் ஜூனா பஜாரில் வாங்கிய இரும்புக் கம்பியை மாடசாமி இழுத்துக் கட்டினான். ஒரு முனை சமையலறை இறவாணத்துக் கொக்கியில், மறுமுனை குளியலறைப் பக்கத்து மரக்கம்பில். கரண்ட் வந்த புதிது. குளியலறைக்கு ஒரு பல்பு வேண்டும் என்று, ஆள் கூப்பிடாமல் அவனே ஒயரும் இழுத்தான். கொக்கி ஒன்று சும்மா இருக்க இன்னொன்று எதற்கு என்று ஒயரையும் அதே கொக்கியில் மாட்டினான்.

புரட்டாசியில் அவன் தங்கை லீலா வந்து சேர்ந்தாள். வயிற்றில் ஏழு மாதம். இதற்கு முன் இரண்டு தங்கவில்லை. தாய் இல்லாத பெண், பம்பாயில் ஒற்றை அறை, புருஷனுக்கு மில்லில் ராத்திரி ஷிப்டு. "மதினி, இதையாவது காப்பாத்திக் குடுங்க" என்று வாசலில் நின்றபடியே சொன்னாள். "முதல்ல உள்ள வாட்டி" என்றாள் பவுன். அன்றிலிருந்து லீலாவின் சாப்பாடு, தூக்கம், கால் வீக்கம் எல்லாம் பவுனின் பொறுப்பு. வீங்கிய காலுக்குச் செருப்பு நுழையவில்லை. வெறுங்காலோடுதான் நடந்தாள்.

அண்ணன் கொண்டுபோகும் சாப்பாட்டு டப்பாவுக்கு என்று விடிகாலை இருட்டிலேயே அவரைக்காய் பறிப்பது லீலாவின் வேலையாயிற்று. குனியாத வேலை, நல்லதுதான் என்று பவுன் விட்டுவிட்டாள். அந்த நேரம் மாடசாமி குளித்துக்கொண்டிருப்பான்.

ஐப்பசி பிறந்த வாரம் லீலா சொன்னாள்: "மதினி, காய் பறிக்கையில விரலெல்லாம் எறும்பு ஊறுத மாதிரி இருக்கு."

"ஏழு மாசத்துல அப்படித்தான் இருக்கும். ராத்திரி கைக்குத் தலகாணி அண்டை குடுத்துப் படு."

வார்டில் எத்தனையோ கர்ப்பிணிகள் அதைச் சொல்லிக் கேட்டவள். யோசிக்கக்கூட இல்லை.

இரண்டு நாள் கழித்துப் பந்தலடியில் ஓர் அணில் விறைத்துக் கிடந்தது. காயம் எதுவும் இல்லை. எவரோ எலிக்கு விஷம் வைத்திருப்பார்கள் என்று மண்ணைத் தோண்டிப் புதைத்தாள். மறுநாள் பக்கத்து வீட்டு மேரி வேலியில் சாய்ந்தபடி கேட்டாள்: "என்ன மந்திரம் போட்டிய பவுனு? எங்க ஆடு வெள்ளென ஒரு தடவ வாய் வச்சிச்சு, அலறிக்கிட்டு ஓடியாந்துச்சு. இப்ப உங்க பந்தல் பக்கம் திரும்பக்கூட மாட்டேங்கு!"

"மந்திரமா? வேப்பெண்ணெய் தெளிச்சேன். உம் ஆட்டுக்காவது புத்தி வந்துச்சே" என்று பவுன் சிரித்தாள்.

அன்று சாயங்காலம் மேற்கே வானம் கருத்தது. காற்று சுழற்றியடித்தது. முதல் தூறலிலேயே பந்தலின் நடுக்கொடி ஒன்று காய்க்கனம் தாங்காமல் சரிந்தது. பவுன் மாடசாமியின் டயர் செருப்பை மாட்டிக்கொண்டு, கிழித்த துணிகளோடு ஈர மண்ணில் இறங்கினாள். கொடியைத் தூக்கினாள், கம்பியைப் பிடித்தாள், முடிச்சுப் போட்டாள். ஒன்றும் இல்லை. இரண்டாவது முடிச்சுக்குக் கை வைத்திருந்தபோது மாடசாமி குளியலறைக்குப் போக விளக்கைப் போட்டான்.

விரலில் எறும்பு ஊறியது. ஊறல் முழங்கை வரை ஏறிச் சுரீர் என்று கடித்தது. கையை உதறி இழுத்தாள்.

எறும்பு. லீலா சொன்ன அதே எறும்பு. பவுனுக்கு ஏழு மாதம் இல்லை, நாற்பது வயது.

"மதினி, மழை வலுக்குமுன்ன நானும் ரெண்டு காய் பறிச்சிருதேன்." கூடையோடு லீலா படியில் நின்றாள். ஒரு வெறுங்கால் ஏற்கெனவே ஈர மண்ணில் இருந்தது. கை கொடியை நோக்கி நீண்டிருந்தது.

"நில்லுட்டி! கைய எடு! படியேறு!"

வார்டில் போட்ட சத்தம் அது. லீலா கூடையைப் போட்டுவிட்டுப் படியேறினாள்.

"ஏங்க, லைட்ட அணைங்க! அணைங்கன்னா அணைங்க!"

"குளிக்கப் போறவனுக்கு இருட்டுல என்னட்டி…"

"பந்தக் கம்பியில கரண்ட் வருது! உங்க தங்கச்சி தினமும் அதத்தான் தொட்டுட்டு நிக்கா!"

விளக்கு அணைந்தது. மாடசாமி பியூசையும் பிடுங்கிவிட்டு, டார்ச்சோடு முக்காலி மேல் ஏறிப் பார்த்தான். காற்றில் ஆடி ஆடி, கொக்கிக்குள் ஒயரின் துணி உறை தேய்ந்து செம்பு பளபளத்தது. இதுவரை லீலாவைக் காத்தது காய்ந்த மண், இன்று பவுனைக் காத்தது டயர் செருப்பின் ரப்பர், அவ்வளவுதான். அணில் செத்தது எலி விஷத்தால் இல்லை.

உள்ளே போய் லீலாவைப் படுக்கவைத்து வயிற்றில் கையை வைத்தாள். வெளியே மழை கொட்டியது. வெகுநேரம் எதுவும் அசையவில்லை. லீலா மதினியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பவுன் முகத்தை ஒன்றும் காட்டாமல் வைத்திருந்தாள். பிறகு உள்ளங்கையில் ஓர் உதை. கொஞ்சம் பொறுத்து இன்னொன்று. பத்து உதை எண்ணிய பிறகே கையை எடுத்தாள்.

"விரல் ஊறுதுன்னு நீ அன்னைக்கே சொன்ன. நாந்தான் தப்பாச் சொல்லிட்டேன்" என்றாள். "இனி எது சொன்னாலும் ரெண்டு தடவ சொல்லு."

மறுநாள் காலை மாடசாமி வேலைக்குப் போகவில்லை. கம்பியை அறுத்துச் சுருட்டினான், ஒயரைக் கழற்றினான். குளியலறையில் ஒரு அரிக்கன் விளக்கு தொங்கியது. ஒயர்க்காரன் வந்து பார்க்கும்வரை அதுதான் என்று பவுன் சொல்லிவிட்டாள். மூங்கில் கழி நட்டுக் கயிறு கட்டி, தரையில் கிடந்த கொடிகளை ஒவ்வொன்றாக எடுத்து ஏற்றினாள். ஒடிந்தவை நான்கு. அவற்றை அரிந்து மேரியின் ஆட்டுக்குப் போட்டாள்.

மிஞ்சிய சேலைத்துணி கொஞ்சம் இருந்தது. டயர் செருப்பின் வாரைக் கத்தியால் அறுத்து எறிந்துவிட்டு, அந்தத் துணியைக் கோத்து, லீலாவின் வீங்கிய காலில் வைத்து அளந்து, விரல் நுழைய இடம் விட்டு முடிச்சுப் போட்டாள்.