பிள்ளையாருக்கு வோட்டு இல்லை

ரொறன்ரோவில் எங்கள் பகுதிக்கு வோட்டுப் போடும் இடம் ஒரு தேவாலயத்தின் பேஸ்மென்ரில் இருந்தது. பிரஜாவுரிமை கிடைத்தபின் எனக்கு வந்த முதல் தேர்தல். விடியவே குளித்து, திருநீறு பூசி, கலியாண வீட்டுக்குப் போகிறவன்போலப் புறப்பட்டேன். உள்ளே சுவரில் சிலுவையைக் கண்டதும் கால் தானாகவே சப்பாத்தைக் கழற்றிவிட்டது. மேசையில் இருந்த வெள்ளைக்காரப் பெண்மணி பதறி எழுந்து, காலில் நோவா என்று கேட்டு ஒரு கதிரையைத் தந்தார். மறுக்கத் தெரியாமல் நோயாளியாக உட்கார்ந்தேன்.

"இனித் தேங்காய் உடைக்கிறதுதான் மிச்சம்" என்றாள் கூட வந்த என் மனைவி பத்மா.

எனக்குள் தேர்தலும் கோயிலும் ஒட்டிக்கொண்டது எண்பத்தொன்பதில். யாழ்ப்பாணம் தென்மராட்சியில் எங்கள் ஊருக்கு ஒரு பகுதியினர் தோளில் துவக்கோடு வந்து, எல்லாரும் வோட்டுப் போடவேண்டும், விரலில் மை இருக்கிறதா என்று பார்ப்போம் என்றார்கள். மறுநாள் மற்றப் பகுதியினர் மதிலில் ஒட்டியிருந்த நோட்டீசோ, மை இருந்தால் விரல் இருக்காது என்றது. பத்து விரல் இருந்தும் ஒன்றையும் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை. சிக்கலைப் பிள்ளையாரிடம் ஒப்படைத்தேன். சம்பந்தம் பேசும்போது செய்வதுபோலப் பூக்கட்டிப் பார்ப்பது: சிவப்புப் பூ வந்தால் போவது, வெள்ளை வந்தால் வீட்டில் இருப்பது. ஐயர் இரண்டு பொட்டலங்களை வாழையிலையில் சுற்றிச் சுவாமியின் காலடியில் வைத்தார். கண்ணை மூடி ஒன்றை எடுத்தேன். வெள்ளை. பிள்ளையாரைக் கட்டிப்பிடித்துக் கொஞ்சாத குறை. பத்மா சும்மா இருந்திருக்கலாம். மற்றதையும் எடுத்துப் பிரித்தாள். அதுவும் வெள்ளை.

"என்ன ஐயா இது?" என்றேன்.

ஐயர் விளக்குத் திரியைத் தூண்டினார். "பிள்ளையாருக்கு வோட்டு இல்லைத் தம்பி. உவையளின்ரை சண்டைக்குள்ளை அவரை ஏன் இழுக்கிறீர்? வீட்டிலை இருந்தா ரண்டு அடியோடை முடியும். வோட்டுப் போடப் போனா உயிர் போகும்."

"அப்ப இது ஐயற்றை முடிவு" என்றாள் பத்மா என்னைப் பார்த்து. "உங்கடை முடிவு என்ன?"

என் முடிவு கட்டிலுக்குக் கீழே இருந்தது. தேர்தலன்று முழுக்க அங்கேதான் கிடந்தேன். பின்னேரம் துவக்குக்காரர் வந்து விரலைக் காட்டச் சொன்னார்கள். மையில்லாத விரலை நீட்டி, "காய்ச்சல்" என்றேன். நான் நடுங்கிய நடுக்கத்தைப் பார்த்து நம்பிவிட்டார்கள்.

இங்கே அட்டை மறைப்புக்குப் பின்னால் பென்சிலோடு நின்றபோது பழக்கதோஷத்தில் கண்ணை மூடினேன். பொட்டலம் கட்டித்தர ஒருவரும் இல்லை. கண்ணைத் திறந்து, எனக்குப் பிடித்தவருக்கு நேரே புள்ளடி போட்டேன். தாளை மடித்துப் பெட்டிக்குள் போட்டேன்.

"பாத்துப் போட்டனீங்களோ, கண்ணை மூடிக்கொண்டோ?" என்றாள் பத்மா.

"பாத்துத்தான்" என்று சொல்லிக்கொண்டே, மை பூசட்டும் என்று மேசைக்கு நேரே விரலை நீட்டினேன். பெண்மணி விளங்காமல் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். இங்கே மை பூசுவதில்லையாம். சப்பாத்தைக் கையில் தூக்கிக்கொண்டு வெளியே வந்து, விரலை வெயிலில் பிடித்துப் பார்த்தேன். வோட்டுப் போட்ட விரல், அன்று துவக்குக்காரருக்குக் காட்டிய விரலைப்போலவே வெறுமையாக இருந்தது.