தூரத்திலேயே தெரியும் துணி

துபாய் தேராவில், நைஃப் சூக் என்னும் சந்தையில், என் சூட்கேஸ் கடைக்கு அடுத்தது சுஐபு காக்காவின் துணிக்கடை. காயல்பட்டினத்துக்காரர்; அங்கே அண்ணனைக் காக்கா என்பார்கள். ஆப்பிரிக்காவிலிருந்து சரக்கெடுக்க வரும் பெண்களுக்குத் துணி விற்றே தலை நரைத்தவர். அவர்களில் கினி நாட்டு ஃபாத்துமாத்தா மேல் அவருக்குத் தனிப் பிரியம். கைராசிக்காரி என்பார். அவள் துபாயில் இருக்கும் நாட்களில், அவள் வந்து போணி செய்யும்வரை வேறு யாருக்கும் ஒரு கைக்குட்டைகூட விற்க மாட்டார். நாங்கள் செய்யும் கேலி அவருக்கு உறைக்கவே உறைக்காது.

2008 கடைசியில் அந்த நாட்டு அதிபர் இறந்ததும் பட்டாளம் ஆட்சியைப் பிடித்தது. "திருடர்களை விரட்டிவிட்டுத் தேர்தல் வைப்பார்களாம்" என்று ஃபாத்துமாத்தா முதலில் சந்தோஷமாகத்தான் சொன்னாள். அடுத்த ரமலானில் வந்தபோது அவள் முகமே சரியில்லை. பட்டாளத் தலைவன் தானே தேர்தலில் நிற்கப் பார்க்கிறானாம். அதை எதிர்த்து ஸ்டேடியத்தில் கூட்டம். அவளுடைய வியாபாரிகள் சங்கத்துப் பெண்கள் ஒரே துணியில் தைத்து உடுத்திப் போவார்கள். அது அவர்கள் ஊர் வழக்கம்.

அதற்காக அவள் கருநீலத் துணியைத் தொட்டாள். காக்கா விடவில்லை. "இந்த ஆரஞ்சை எடும்மா. கூட்டத்திலே ஒருத்தரையொருத்தர் தவற விடமாட்டீங்க. தூரத்திலேயே தெரியும்."

செப்டம்பர் கடைசியில் அந்தக் கூட்டத்தைப் பட்டாளம் சுட்டது. என் கடை டிவியில் பார்த்தோம். ஓடுகிறவர்கள் நடுவே ஆரஞ்சு நிறம் தெரிந்தது. காக்கா உடனே அவள் எண்ணுக்குப் போன் போட்டார்.

அவளுடைய போனை யாரும் எடுக்கவில்லை. உலக நாடுகள் கண்டித்தன, உதவியை நிறுத்தின, இனி ஆயுதம் விற்பதில்லை என்றன. ஏற்கெனவே விற்ற துப்பாக்கியை எவன் திருப்பி வாங்கினான்?

"நான்தானே தம்பி அந்தத் துணியை அவ தலையிலே கட்டினேன்" என்றார் காக்கா.

"நீங்களா சுட்டீங்க?" என்று எரிந்து விழுந்தேன். எனக்கு ஆறுதல் சொல்ல வராது.

அக்டோபர் கடைசியில் ஒரு காலை, கடை திறந்ததும் ஃபாத்துமாத்தாவின் தங்கை வந்தாள். அக்காவின் உடல்கூடக் கிடைக்கவில்லையாம். நாற்பதாம் நாள் துஆ ஓதும்போது சங்கத்துப் பெண்கள் உடுத்த அதே துணி வேண்டும் என்றாள்.

காக்கா கருநீலத்தை எடுத்து விரித்தார். "இதை எடும்மா. உனக்குப் புண்ணியமாப் போகும்."

அவள் அதைத் தள்ளி வைத்தாள். "அக்கா உடுத்தியதுதான் வேண்டும்."

அலமாரிக்கு அடியில் ஒளித்து வைத்திருந்த ஆரஞ்சுத் துணியை இழுத்து அளந்தார். கண்ணீரில் அவருக்குக் கத்தரிக்கோல் போகும் இடம் தெரியவில்லை. மறுமுனையை நான் பிடித்துக்கொண்டேன்.

அன்றைக்கு அதுதான் அவருக்குப் போணி.