ஓர்வா கோயிலில் விருந்தாளி எடுத்தவள்

ஓர்வா கோயிலில் ஒரு மாதம் வேலை செய்தால் மூக்கு மரத்துப்போகும் என்பது ஹெஸ்மர் ஊராரின் நம்பிக்கை. நெவ்ருவுக்கு மரத்துப்போகவில்லை. கல்யாணத்துக்கு முன்பே அங்கே வேலைக்குச் சேர்ந்தவள், இரண்டு பிள்ளை பெற்ற பின்னும், ஒவ்வொரு காலையும் வாசற்படியில் நின்று மூச்சை அடக்கிக்கொண்டுதான் உள்ளே நுழைந்தாள்.

நாற்றம் சுவரிலிருந்து வந்தது. எந்த வீட்டில் குழந்தை பிறந்தாலும், கல்யாணம் நடந்தாலும், சேற்றுமாட்டுக் கொழுப்பை ஒரு கை அள்ளிவந்து அந்தச் சுவரில் அப்புவார்கள். அப்பியதைத் துடைக்கக் கூடாது. கோயில் கட்டிய நாளிலிருந்து ஒருவரும் துடைத்ததில்லை. மேலே மஞ்சளாகவும் உள்ளே காவியாகவும் அடியில் கறுப்பாகவும் அது தடித்துக்கொண்டே வந்தது. அதில் தலைமயிரும் ஈச்சிறகும் விளக்குப் புகையும், எந்தக் காலத்தவர் என்று தெரியாதவர்களின் விரல் தடங்களும் உறைந்திருந்தன. சுவரோரமாக ஒரு காலத்தில் இரண்டு மாடுகள் சேர்ந்து போன வழியில் இப்போது ஆள் ஒருக்களித்துத்தான் போக முடியும். அந்தச் சுவர்தான் சாமியின் உடம்பு; ஓர்வா சதை போட்டிருக்கிறார் என்று ஊரே பெருமைப்பட்டது.

வெயில் காலத்தில் சுவர் வியர்க்கும், புழுவும் வைக்கும். புழு என்று சொல்லக் கூடாது. அவை ஓர்வாவின் விருந்தாளிகள். அவற்றை எலும்பு இடுக்கியால் நசுங்காமல் எடுத்து, இலையில் வைத்து, சதுப்பின் வடகரையில் உயிரோடு விடுவதுதான் நெவ்ருவின் வேலை. விருந்தாளிகள் மிகுந்த நாட்களில் இலை அவள் உள்ளங்கையில் தானாக நெளியும். வீட்டில் பாசிரொட்டியைப் பிட்டு வாயில் வைக்கும்போதும் அந்த நெளிவு கையை விட்டுப் போகாது.

அந்தச் சுவரில் நாக்கைத் தொடவைத்துத்தான் குழந்தைக்குப் பெயரிட வேண்டும். பெயரில்லாத குழந்தைக்கு வீட்டு அடுப்பில் பங்கு இல்லை. செத்தால் புதைக்க இடமும் இல்லை. நெவ்ருவின் முதல் மகன் பெயர் பெற்ற கையோடு வாயெல்லாம் கொப்புளமாகி, பாலைக் கக்கிக் கக்கியே போய்விட்டான். ஓர்வா முத்தமிட்டு அழைத்துக்கொண்டார் என்றார்கள். அந்த முத்தத்தில் என்னென்ன இருந்தன என்பது நெவ்ருவுக்குத் தெரியும்.

இப்போது ஒரு மகள் பிறந்திருந்தாள். மாமியார் ஹொல்கா கொழுப்பை உருக்கித் தயாராக வைத்துவிட்டாள்.

"நாளைக்குப் பேரு வச்சிரணும். எத்தனை நாளைக்குடி இதை அது இதுன்னு கூப்பிடுறது? கொடத்தைக் கூப்பிடுற மாதிரி இருக்கு."

"அத்தை, இப்ப போயி உங்க நாக்கை அந்தச் சுவத்துல வைப்பீங்களா?"

"வச்சுத்தானே ஹொல்கான்னு பேரு வாங்குனேன்? செத்தா போயிட்டேன்?"

"அப்ப சுவரு இம்புட்டுத் தடி இல்லையே."

"ஓர்வாவையே தடிங்கறா பாரு! ஒரு நக்குடி. கண்ணை மூடித் தொறக்குறதுக்குள்ள முடிஞ்சிரும்."

அன்று நண்பகல், நடை சாத்தியிருந்த வேளையில், நெவ்ரு சாம்பல் கரைத்த நீரையும் மீன் செதில் சுரண்டும் கத்தியையும் எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். விளக்கு மாடத்துக்குக் கீழே, கொழுப்பு மெலிந்திருந்த மூலையில், உள்ளங்கை அகலத்துக்குச் சுரண்டினாள். முதல் அடுக்கு மெழுகாக உதிர்ந்தது. அடுத்தது குழைந்து மணிக்கட்டு வழியாக முழங்கைக்கு ஓடியது. அதற்கும் அடியில் ஒரு பால்பல் பதிந்திருந்தது.  கடைசியில் கத்தி கல்லில் உரசியது. அந்த இடத்தை நல்ல தண்ணீரால் கழுவி, தன் நாக்கை வைத்துப் பார்த்தாள். குளிர்ச்சியாக இருந்தது; வேறு ருசி ஒன்றுமில்லை. மகளுக்கு இது போதும்.

மறுநாள் காலையில் பூசகர் இஸ்தோம் மாடத்தில் விளக்கேற்றியபோது, கொழுப்பு தடித்த சுவரின் மூலையில் வெளிறிய கல் பளிச்சிட்டது.

"ஓர்வா கண்ணு தொறந்துட்டாரு!" என்று அவர் போட்ட சத்தம் படகுத்துறை வரை கேட்டது.

நெவ்ரு குழந்தையோடு வந்து சேர்வதற்குள் ஊரில் பாதிப்பேர் அங்கே இருந்தார்கள். கிழவர்கள், சளி ஒழுகும் பிள்ளைகள், வெற்றுப் பல்லீறோடு பாட்டிகள். ஒருவர் நாக்கை எடுக்குமுன் அடுத்தவர் நாக்கை நீட்டினார். கல்லின் மேல் எச்சில் நூலாக இறங்கிக்கொண்டிருந்தது. அதன் மேலேயே புதுக்கொழுப்பையும் அப்பினார்கள்.

"என்ன கொடுப்பினைடி! கண்ணுலயே பேரு வாங்கப்போவுது!" என்று ஹொல்கா மருமகளின் முதுகில் கைவைத்துத் தள்ளினாள்.

நெவ்ரு நகரவில்லை. "அது கண்ணு இல்ல. நான் கழுவுன இடம்."

இஸ்தோம் திரும்பினார். "என்னம்மா சொன்ன?"

"சாம்பத்தண்ணி ஊத்திக் கழுவுனேன், ஐயா. செதில் கத்தியால சுரண்டுனேன். எம்பொண்ணு நாக்கு வைக்க ஒரு சுத்தமான இடம் வேணும்னு."

சுவரைத் துடைப்பவரைச் சதுப்பில் மூழ்கும்வரை இறக்கிவிட வேண்டும் என்பது அந்த ஊர்க் கட்டளை. ஹொல்கா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். சற்றுமுன் கல்லை நக்கியிருந்த, விலாங்குமீன் பிடிக்கும் கிழவர் ஒருவர்தான் முதலில் வாய் திறந்தார்.

"சும்மா சுரண்டுனா கண்ணு தொறக்குமா? ஓர்வாதான் இவ கைய எடுத்துச் சுரண்டியிருக்காரு!"

"அதானே! இல்லாட்டிப் புழுப் பொறு... விருந்தாளி எடுக்கறவளுக்கு ஏது இம்புட்டு தைரியம்?" என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

இஸ்தோம் கூட்டத்தைப் பார்த்தார். கண் என்று கூவியவர் அவர். ஒன்று அவர் பொய்யராக வேண்டும். அல்லது இவள் புனிதவதியாக வேண்டும். முடிவெடுக்க அவருக்கு வெகுநேரம் பிடிக்கவில்லை.

"இனிமே இவ கையும் இந்தச் சுவரும் ஒண்ணு!"

நெவ்ரு அந்தச் சொல்லைச் சட்டென்று பிடித்துக்கொண்டாள். "அப்ப எம்பொண்ணு என் கையத் தொட்டாப் பேரு வச்சிரலாமா?"

 ஊரே இஸ்தோமின் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தது. "வைக்கலாம்... வைக்கலாம்மா."

"தண்ணி கொண்டாங்க. சாம்பலும்."

தோல் எரியும்வரை வலக்கையைத் தேய்த்துக் கழுவினாள். குழந்தை அவள் விரலை வாயில் வாங்கிப் பால் தேடிச் சப்பியது. "இவ்னே" என்றாள் நெவ்ரு. ஹொல்கா எழுந்து அந்தப் பெயரை ஊருக்கே கேட்கும்படி கூவினாள்.

கையை இழுத்துக்கொள்ளப் போனபோது இஸ்தோம் அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

"தள்ளாதீங்க, வரிசையா வாங்க! கொழுப்பு கொண்டாந்தவங்க முன்னாடி!" பிறகு குரலைத் தணித்து, "இனி இந்தக் கையைக் கழுவிராதம்மா. அப்புறம் ஊரு என்னையும் விடாது, உன்னையும் விடாது" என்றார்.

"அத்தை, இவ்னேவைத் தூக்கிக்கிட்டு வீட்டுக்குப் போங்க," என்றாள் நெவ்ரு. "நிக்காதீங்க. போங்க."

விலாங்குக் கிழவர் ஒரு பிடிக் கொழுப்பை அவள் உள்ளங்கையில் வைத்து, கட்டைவிரலால் விரலிடுக்குகள்வரை அழுத்தித் தேய்த்தார். பிறகு குனிந்தார். அவருடைய நாக்கு தடித்து, பழுப்பேறி, ஓரமெல்லாம் வெடித்திருந்தது. கையில் பட்டபோது வெதுவெதுப்பாக இருந்தது. அவருக்குப் பின்னால் வரிசை வாசலைத் தாண்டி நீண்டிருந்தது.