வளன் அதே படியில் ஏறமாட்டார்

தூத்துக்குடித் துறைமுகத்தில் சர்க்கார் மோட்டார் லாஞ்சின் சுக்கானைப் பிடித்த வளனுக்கு ஒரே ஒரு பயம்தான் உண்டு. போன காரியம் முடியாமல், புறப்பட்ட துறைக்கே திரும்பி வந்து படகை முட்டுவது. அவருடைய அப்பா வல்லம் ஓட்டிய காலத்திலிருந்து அப்படித்தான். வலையை மறந்து போனால்கூட வேறு துறையில் கரையேறி, ஊரைச் சுற்றி நடந்துவந்து எடுத்துப் போவார்கள். வளன் இதைக் கடலோடு நிறுத்தவில்லை. கடைக்குக் கிளம்பிப் பாதித் தெருவில் பையை மறந்தது தெரிந்தால், புறவாசல் வழியாகத்தான் வீட்டுக்குள் வருவார். அடுப்படியில் திடீரென்று முளைக்கிற புருஷனைக் கண்டு பிரகாசியம்மாள் எத்தனையோ மண்சட்டிகளைப் போட்டு உடைத்திருக்கிறாள்.

யுத்தம் முடிந்த மறு வருஷம் அவர் வேலைக்கு உலை வைத்ததும் இந்தப் பழக்கம்தான். வெளியே நங்கூரமிட்டு நின்ற கப்பலுக்குத் துறைமுகத்துத் துரையை ஏற்றிக்கொண்டு போகிறார். பாதி வழியில் துரை தலையைத் தடவிப் பார்த்தார். தொப்பி, படகேறிய ஜெட்டி மேடையிலேயே இருந்தது. "திருப்பு" என்றார். வளன் திருப்பினார். ஆனால் கிளம்பிய ஜெட்டியை விட்டுவிட்டு, தள்ளியிருந்த உப்பு ஜெட்டியில் கொண்டுபோய் அணைத்தார். மொட்டை வெயிலில், வழுக்கைத் தலையோடு, உப்பு மூட்டைகளுக்கு நடுவே துரை நடந்தார். சுமையாட்கள் வாயைப் பொத்திக்கொண்டார்கள். தொப்பி தலைக்கு ஏறுவதற்குள் வளனின் வேலை போய்விட்டது.

கீழ்ப்படியாமை என்று குற்றம். வேலையைத் திரும்பக் கேட்டு வளன் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார்; தோற்றார். உத்தரவிட்டும் அவர் படகைக் கரைக்குத் திருப்பவே இல்லை என்றது தீர்ப்பு.

வக்கீல் காசிலிங்கம் பிள்ளை அதைப் படித்துவிட்டுத் தொடையில் தட்டினார்.

"ஓய், அதிர்ஷ்டக்காரருய்யா நீரு! படகு உப்பு ஜெட்டிக்கு வந்துதுன்னு துரையே கூண்டிலே சொல்லியிருக்காரு. முன்சீப் அதைக் கவனிக்காம விட்டுட்டாரு. பார்த்த உடனே தெரியுத பிழை. இதே கோர்ட்டிலே ரிவ்யூ போடுவோம். அவரு தீர்ப்பை அவரே மறுபடி பார்ப்பாரு."

வளனின் முகம் சுருங்கியது. "இதே கோர்ட்டா? அதே வாசல், அதே படியா?"

"பின்னே, கூரையைப் பிரிச்சா இறங்குவீரு?"

"அப்பீலுன்னு ஒண்ணு உண்டாமே, ஐயா?"

"உண்டு. திருநெல்வேலிக்குப் போகணும். நம்ம முறை வாரதுக்குள்ள சுக்கான் பிடிக்கக் கை நடுங்கிரும் உமக்கு. அப்பீலைப் போட்டுட்டா அப்புறம் ரிவ்யூ கேக்கவும் முடியாது, பாத்துக்கிடும்."

"அப்ப அப்பீலே போடுங்க. புறப்பட்ட துறையிலே நான் முட்டமாட்டேன்."

"வேலை போனதே அந்தக் கிறுக்காலதானய்யா! கேஸையும் அதிலேயே கொண்டு முக்கணுமா?"

வளன் எழுந்து வீட்டுக்கு வந்தார். பிரகாசியம்மாள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு மீனை அலசிக்கொண்டே சொன்னாள்:

"இங்கேரும், அந்த லாஞ்சு உமக்கு வேணுமா, வேண்டாமா?"

"என்னளா கேள்வி இது? புதுப் பய அதை எருமையைப் பத்துத மாதிரி ஓட்டுதான். கரையிலே நின்னு பார்க்கச் சகிக்கல."

"அப்ப, கோர்ட்டுக்குப் புறவாசல் கிடையாதாக்கும்?"

வளன் எழுந்து சட்டையைத் தேடினார்.

ரிவ்யூ மனு விசாரணைக்கு வந்தது. டவாலிச் சேவகன் பேரைச் சொல்லிக் கூவினான். முன்வாசலில் ஆளைக் காணோம். காசிலிங்கம் பிள்ளை வாசலை எட்டி எட்டிப் பார்த்தார். அப்போது முன்சீப்பின் நாற்காலிக்குப் பின்னால் இருந்த கதவு மெல்லத் திறந்தது. செருப்பைக் கையில் பிடித்தபடி வளன் நின்றார்.

"ஏலே, அது எசமான் வாசல்!" என்று டவாலி பாய்ந்தான்.

முன்சீப் கையமர்த்தினார். "ஏன் இந்த வழியாக வந்தீர்?"

"அது, வந்த காரியம் முடியாமத் திரும்பிப் போன வாசல், எசமான். வரச் சொன்னா கண்டிப்பா வந்துருவேன். அந்த வழியா மட்டும் வரமாட்டேன்."

பிள்ளை துள்ளி எழுந்தார். "அன்றைக்கு லாஞ்சிலும் என் கட்சிக்காரர் செய்தது இவ்வளவுதான், எசமான்!"

முன்சீப் துரையின் சாட்சியத்தை எடுத்து மறுபடி படித்தார். படித்து முடித்தவர் வாயைத் துடைக்கிற சாக்கில் கைக்குட்டைக்குள் கொஞ்ச நேரம் சிரித்தார். திருப்பச் சொன்னதும் திருப்பியவனைக் கீழ்ப்படியாதவன் என்று தள்ள முடியாது. வேலையைத் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்று உத்தரவானது. வந்த காரியம் முடிந்துவிட்டதால், வளன் முன்வாசல் வழியாகவே ராஜாபோல் இறங்கினார்.

மறுபடி சுக்கானைப் பிடித்த அன்று, கப்பலுக்குப் போகத் துரை ஜெட்டிக்கு வந்தார். வளனைப் பார்த்தார், லாஞ்சில் ஏறி உட்கார்ந்தார். தொப்பியைக் கயிறு போட்டுத் தாடையோடு சேர்த்துக் கட்டியிருந்தார்.